எழினி ஒளிந்த இடம்

எனக்கு வாய் கொஞ்சம் ஜாஸ்தி. கை அதைவிட ஜாஸ்தி. காஞ்சிபுரத்தில் ஓர் அச்சகத்தில் பதினோரு வருஷம் புரூஃப் பார்த்தவன். தப்பைக் கண்டால் சிவப்பு மை போடாமல் இருக்க முடியாது. கல்யாணப் பத்திரிகை வந்தால்கூட, மாப்பிள்ளை பெயரைப் படிக்கும் முன் ஒற்று எங்கே விட்டிருக்கிறான் என்று பார்ப்பேன். அச்சகத்தை மூடியதும் ஊரோடு வந்து, திருப்புலிவனத்தில் பகுதி நேர நூலகத்தைப் பார்த்துக்கொண்டேன். மூன்று பீரோ, இரண்டு பெஞ்சு, சாயங்காலம் நாலு மணியிலிருந்து ஏழு மணி வரை.

எங்கள் பக்கத்து நாக்குக்கு ழகரம் ஆகாது. வாழைப்பழம் வாயப்பயம். கிழங்கு கெயங்கு. ஆனால் புத்தகத்தைக் கையில் எடுத்து உரக்கப் படிக்கும்போது ஒரு மரியாதை வந்துவிடும். யகரத்தை விட்டுவிட்டு ளகரத்தைப் பிடித்துக்கொள்வார்கள். பளம், மளை, தமிள். பேச்சில் ஒரு தப்பு, படிப்பில் ஒரு தப்பு. "நாக்கை மடிங்கப்பா, காசா பணமா" என்று நான் கத்தாத நாள் கிடையாது. ஊரில் எனக்கு 'ழானா' என்று பட்டப்பெயர் வைத்தார்கள். அதையும் 'ளானா' என்றுதான் கூப்பிட்டார்கள்.

இதையெல்லாம் எதற்குச் சொல்கிறேன் என்றால், அந்த ஓர் எழுத்தை வைத்துக்கொண்டுதான் நான் ஒரு தாயின் வயிற்றெரிச்சலைக் கொட்டிக்கொண்டேன்.

எண்பத்தொன்று பொங்கலுக்கு முன்னால் வந்த புத்தகக் கட்டில் 'நிழல் தின்ற நாடு' இருந்தது. மூன்று பாகம், ஒவ்வொன்றும் செங்கல் கனம். எழுதியவர் பெயர் ஏதோ புனைபெயர். ராஜா ராணிக் கதை என்று அட்டையைப் பார்த்து எல்லோரும் அடித்துப் பிடித்து எடுத்துப்போனார்கள். உள்ளே பார்த்தால் சிரிப்பு இல்லை, காதல் இல்லை. தெய்வங்கள் எல்லாம் செத்துப்போன ஒரு நாடு. அந்த நாட்டு ஜனங்கள் பஞ்சத்துக்குப் பயந்து, தலைநகரின் பாழுங்கிணற்றுக்குள் இருக்கும் ஒரு பூதத்திடம் தங்கள் நிழலை விற்றுவிடுகிறார்கள். நிழலை விற்றவனுக்குச் சாவு கிடையாது, வாழ்வும் கிடையாது. அப்படி இருப்பதைவிடச் சாவது மேலா என்று பக்கம் பக்கமாக விவாதிக்கிறார்கள். கடைசியில் இளவரசன் எழினி எல்லோருடைய நிழலையும் மீட்கக் கிணற்றுக்குள் இறங்குகிறான். அவன் அம்மா தினமும் ஒரு தட்டு சோற்றைக் கிணற்று மேட்டில் வைத்துவிட்டு உட்கார்ந்திருக்கிறாள். மூன்றாம் பாகத்தின் கடைசி வரி இது: 'கிணற்றின் இருளில் எழினி ஒழிந்தான்.'

நூலகத்தில் நான் ஒரு வழக்கம் வைத்திருந்தேன். பீரோக் கைப்பிடியில் சணல் கட்டி ஒரு நோட்டும் பென்சிலும் தொங்கும். 'வாசகர் கருத்து' என்று மேலே எழுதியிருப்பேன். மற்றப் புத்தகங்களுக்கு 'நன்று' என்று ஒரு வார்த்தை வருவதே அபூர்வம். இந்தக் கதைக்கு எட்டுப் பக்கம் நிறைந்தது.

சுப்பிரமணி வாத்தியார் எழுதினார்: 'ஆசிரியருக்குத் தமிழ் வளம் உண்டு. மனிதர்மேல் நம்பிக்கைதான் இல்லை. அறுநூறு பக்கம் தாண்டியும் ஒருவரும் சிரிக்கவில்லை.' உர டெப்போ பச்சமுத்து எழுதினான்: 'சண்டை நல்லா இருக்கு. நடுவில் தத்துவம் வந்தால் பத்துப் பக்கம் தள்ளிவிடவும். நான் தள்ளினேன்.' யாரோ பெயர் போடாமல், 'எழினி ஆணா பெண்ணா என்பது நாற்பதாம் பக்கத்தில்தான் தெரிந்தது' என்று எழுதியிருந்தார்கள். இன்னொருவர், 'இதைப் படித்து முடித்த அன்று எங்கள் பசு செத்தது. புத்தகம் வீட்டுக்கு ஆகாது.' செய்யாற்றில் டைப்பிங் படிக்கும் ஒரு பெண் மட்டும், 'சாமி செத்த பிறகும் கோயிலில் விளக்கேற்றும் அந்தக் கிழவர் வருகிற இடத்தில் அழுதுவிட்டேன்' என்று எழுதினாள். நான் எல்லாவற்றுக்கும் சிவப்பில் ஒற்றுப் போட்டேன். எனக்குக் கருத்து முக்கியமில்லை, ஒற்றுதான் முக்கியம்.

கீழத்தெருவில் பவளம் அக்கா வீடு. அவர் மகன் சடையப்பன், ஆந்திராவில் கடலோரம் ரோடு போடும் வேலைக்கு ஒரு மேஸ்திரியோடு போனவன். எழுபத்தேழு நவம்பர் புயல் அந்தக் கரையைத்தான் அடித்தது. அதோடு கடுதாசி நின்றது. மேஸ்திரியும் வரவில்லை, கூடப் போன ஆட்களும் வரவில்லை. ஊரிலிருந்து இரண்டு பேர் போய்த் தேடிவிட்டு, அடையாளம் தெரியாமல் புதைத்த பிணங்களுக்குக் கணக்கே இல்லை என்று சொல்லிக்கொண்டு திரும்பினார்கள். பவளம் அக்கா அதைக் காதில் வாங்கவில்லை. கொழுந்தனார் ஒவ்வொரு அமாவாசைக்கும் வந்து, "வைக்கல்ல உருவம் கட்டி காரியத்த முடிச்சிடு அண்ணி, புள்ள ஆத்துமா அலையும்" என்பார். "உசுரோட கீற புள்ளைக்கு எதுக்குடா காரியம்" என்று அக்கா எழுந்து உள்ளே போய்விடுவார்.

சடையப்பன் பெண்டாட்டி அம்முலு, எட்டாவது வரை படித்தவள். அத்தைக்கு ராவில் தூக்கமில்லை, பகலில் பேச்சில்லை என்று, சோறாக்கி முடித்த மத்தியான நேரங்களில் ஏதாவது படித்துக் காட்டுவாள். அதற்காகத்தான் 'நிழல் தின்ற நாடு' எடுத்துப்போனாள். நானே சொன்னேன், "வேணாம்மா, இது இருட்டுக் கதை" என்று. "எங்கூட்ல மட்டும் இன்னா மாமா வெளிச்சமா கீது" என்றாள். ஐந்து மாதம் ஆயிற்று மூன்று பாகமும் முடிய. கிணற்று மேட்டில் ராணி சோறு வைக்கும் இடம் வந்ததும், "இத்த எய்தினவன் எங்கூட்ட பாத்துட்டு எய்திகீறான்" என்று பவளம் அக்கா பக்கத்து வீட்டில் எல்லாம் சொன்னாராம்.

ஆனி மாதம் நோட்டில் பென்சிலால் இப்படி ஒரு கருத்து இருந்தது:

'இந்தக் கதையை எங்கள் அத்தைக்குப் படித்துக் காட்டினேன். ரொம்பத் துக்கமான கதை. ஆனாலும் கடைசியில் எளினி ஒளிந்தான் என்று வருவதால் எங்கள் அத்தைக்கு ஆறுதலாக இருக்கிறது. எழுதியவர் நல்லா இருக்கணும். அத்தை சொல்லி எழுதியது, அம்முலு.'

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஆயிரத்து எண்ணூறு பக்கம் படித்தவளுக்குக் கதாநாயகன் செத்தது தெரியவில்லையா? பேனாவைத் திறந்து சிவப்பில் எழுதினேன். 'எளினி அன்று, எழினி. ஒளிந்தான் அன்று, ஒழிந்தான். ழகரம். ஒழிந்தான் என்றால் இறந்தான் என்று பொருள். மூன்று பாகம் படித்தும் முடிவு தெரியாதவர்கள் கருத்து எழுதாமலிருப்பது நலம்.' எழுதிவிட்டு, நல்ல காரியம் செய்த திருப்தியோடு வீட்டுக்குப் போய்ச் சாப்பிட்டேன். அன்றைக்குக் கத்தரிக்காய்க் குழம்பு, இன்னும் நினைவிருக்கிறது.

யாருக்காக எழுதியிருக்கிறாள் என்று ஒரு நிமிஷம் யோசித்திருக்கலாம். யோசிக்கவில்லை. அறிவுகெட்ட ஜென்மம்.

மறுநாள் பச்சமுத்து நோட்டைப் படித்துவிட்டு விழுந்து விழுந்து சிரித்தான். அவன் கெட்டவன் இல்லை, ஆனால் நாக்கில் நரம்பில்லாதவன். அடுத்த நாள் யூரியா வாங்கப் போன பவளம் அக்காவிடம், டெப்போவில் நாலு பேர் நிற்கும்போது, "ளானா உன் மருமவளுக்கு செவப்பு மை போட்டுட்டான்க்கா. உன் எளினி ஒளியவே இல்லியாம், பூட்டானாம்" என்று சொல்லிவிட்டான். அக்கா மூட்டையை அங்கேயே போட்டுவிட்டு நடந்து போய்விட்டாராம்.

அன்று சாயங்காலம் நூலகம் திறந்ததும் அம்முலு வந்தாள். மூன்றாம் பாகத்தை மேஜைமேல் வைத்தாள். கண் வீங்கியிருந்தது.

"மாமா, எனக்கு ழானா தெரியாதுன்னு நெனச்சிட்டீங்களா?"

கடைசிப் பக்கத்தைத் திறந்து காட்டினாள்.

"புத்தகத்துல நல்லா பாத்தேன். அது இன்னா எழுத்துன்னு எனக்குத் தெரியும். ஆனா படிக்கிறப்ப வாயில ளானாதான் வந்துச்சி, எப்பவும் வர்ற மாரி. அத்த சாயங்காலம் வரிக்கும் அயுவும்னு நெனச்சிகினுதான் படிச்சேன். அத்த சடார்னு எய்ந்து ஒக்காந்துச்சி. 'ஒளிஞ்சிகினானா? அதான பாத்தேன்'னு சொல்லிச்சி. எங்கூட்டுக்காரரு சின்ன வயசுல வைக்கப்போர்ல ஒளிஞ்சிகினு வெளக்கு வெக்கிற வரிக்கும் வரமாட்டாராம். அத்த சொல்லி சொல்லி சிரிச்சிச்சி. நாலு வருசத்துல அன்னிக்குத்தான் மறுசோறு போட்டுகினு துன்னுச்சி. நான் இன்னா பண்ணட்டும்? அப்டியே வுட்டுட்டேன்."

"நோட்டுல ஏம்மா எழுதினே?"

"அத்ததான் எய்தச் சொல்லிச்சி. எய்தனத்த பச்சமுத்து மாமாவ வுட்டு படிச்சிக் கேக்கும்னு தெரியும். ழானா போட்டா அவுரு அர்த்தம் சொல்லிடுவாரு. அதான் ளானா போட்டேன். வேணும்னுதான் போட்டேன்."

பிழையைக் கண்டுபிடிப்பதில் புலி என்று நினைத்துக்கொண்டிருந்தவன் நான். தெரிந்தே போட்ட பிழை ஒன்று உண்டு என்பது அன்றைக்குத்தான் தெரிந்தது.

"உனக்கு, அவன் இருக்கான்னு..." என்று இழுத்தேன்.

"லெட்டரு நின்ன மொத மாசமே எனக்குத் தெரியும் மாமா" என்றாள். முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு போய்விட்டாள்.

மூன்றாம் நாள் பவளம் அக்காவே வந்தார். நூலகத்துப் படியை அவர் மிதித்தது அதுதான் முதல் தடவை. உட்காருங்க என்றேன். பெஞ்சைப் பார்த்துவிட்டு நின்றுகொண்டே இருந்தார். ஆள் பாதியாகிவிட்டிருந்தார்.

"அந்தக் கதையில கடைசி வரிய காட்டு, தாமோதரா."

எடுத்துக் காட்டினேன். எந்த எழுத்து என்று கேட்டார். விரலை வைத்துக் காட்டினேன். குனிந்து, அரிசியில் கல் பார்ப்பதுபோல் பார்த்தார்.

இரண்டு நாளாக யோசித்து வைத்திருந்ததைச் சொன்னேன். "அக்கா, நான்தான் அவசரப்பட்டுட்டேன். இது அச்சுப் பிழை. இங்க ள தான் வரணும். அச்சுக் கோக்கறவன் பக்கத்துக் கட்டத்துல கைய வுட்டு வேற எழுத்த எடுத்துட்டான். நானே பதினோரு வருஷம் பாத்திருக்கேன், இந்த மாதிரி ஆயிரம் வரும்."

"அப்டியா."

"ஆமாக்கா. அம்முலு படிச்சதுதான் சரி."

"அப்ப திருத்து. ஊர்ல கீற தப்பெல்லாம் திருத்துவியே."

நூலகப் புத்தகத்தில் ஒரு புள்ளிகூட வைக்கக் கூடாது என்பது விதி. அந்த விதியை எழுதி ஒட்டியவனே நான்தான். பேனாவை எடுத்தேன். அச்சில் சரியாக இருந்த ழகரத்தை அடித்துவிட்டு, ஓரத்தில் ள என்று போட்டேன். அக்கா பேனாவையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"மொதல்ல இருந்தத்த ஒரு தபா படி. அப்பறம் இப்ப திருத்தனத்த படி."

நாக்கை மடித்து, ஒழிந்தான் என்று படித்தேன். அப்புறம் ஒளிந்தான் என்றேன். இன்னொரு முறை என்றார். படித்தேன். காதைச் சாய்த்து வைத்துக்கொண்டு கேட்டார்.

"எனக்கு ரெண்டும் ஒண்ணாத்தான் கேக்குது" என்றார்.

இந்த ஊரில் எனக்கு அலுப்பும் ஆத்திரமும் தந்த விஷயம் அதுதான். அன்றைக்கு அதைக் கேட்டு எனக்கு அழுகை வந்தது.

"புத்தகப் பேச்சு வேணாம் நைனா. நம்ம பேச்சுல சொல்லு. என் புள்ள ஒளிஞ்சிகினு கீறானா, ஒயிஞ்சி பூட்டானா?"

ஒளிஞ்சிகினு கீறான் என்று சொல்லிவிட்டிருக்கலாம். ஒரே வார்த்தை. அச்சுப் பிழை என்று அவ்வளவு புளுகியவனுக்கு அது பெரிய வேலையா? வாய் வரவில்லை. ஊரையே வாயால் மேய்த்தவன் ஊமைபோல் நின்றேன். அக்கா என் முகத்தையே பார்த்தார். பிறகு மெதுவாகத் தலையை ஆட்டிக்கொண்டார்.

"சரி வுடு. உனக்குப் பொய் சொல்ல வரல."

"அக்கா..."

"அந்த நோட்ட எடு. முடிவு தெரியாதவங்க எய்தக் கூடாதுன்னு போட்டுகீறியாமே. இப்பதான் எனக்கு முடிவு தெரிஞ்சிடுச்சே. நான் சொல்றேன், நீ எய்து."

என் முகத்தில் காறித் துப்பியிருந்தால்கூட இவ்வளவு உறைத்திருக்காது. நோட்டை எடுத்தேன். அவர் சொல்லச் சொல்ல எழுதினேன். சொன்னது சொன்னபடி.

'கதை நல்லா கீது. அந்த ராணி தெனம் சோறு வெச்சது மெய்யி, வெச்சவளுக்குத்தான் தெரியும். எல்லா எயுத்தும் சரியா கீது. கடைசில ஒரே ஒரு எயுத்துதான் சரியில்ல. பவளம், சடையப்பன் அம்மா.'

"படி" என்றார். படித்தேன், அவர் சொன்ன மாதிரியே, எயுத்து என்றே. சரி என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனார்.

ஆடி அமாவாசை அன்று ஏரிக்கரையில் காரியம் நடந்தது. ஊரில் பாதிப் பேர் வந்திருந்தார்கள். பச்சமுத்து ஒரு மரத்தடியில் தலையைக் குனிந்துகொண்டு நின்றான். அவனைச் சொல்லிக் குற்றமில்லை, எரிந்த கொள்ளி என் கையிலிருந்து போனது. உருவம் கட்டுவதற்கு வைக்கோலை வேறு வீட்டிலிருந்து கொண்டுவந்திருந்தார்கள். பவளம் அக்கா அதை வேண்டாம் என்று சொல்லிவிட்டு, தன் வீட்டுப் போரிலிருந்து உருவி எடுத்து வரச் சொன்னார். எதற்கு என்று யாரும் கேட்கவில்லை. எனக்கும் அம்முலுவுக்கும் தெரியும். அந்தப் போரில் ஒளிந்தவனைத்தான் அந்தத் தாய் அன்றைக்கு வெளியே இழுத்துப் போட்டுக் கொளுத்தினாள். கொழுந்தனார் கொள்ளி வைக்கும்போது அக்கா அழவில்லை. எரிந்து முடிகிற நேரத்தில், "சடையா, போதுண்டா, வெளிய வாடா" என்று ஒரே ஒரு தடவை கூப்பிட்டார். அதைக் கேட்டு நான் அழுதேன். சுப்பிரமணி வாத்தியார் என் தோளைப் பிடித்துக்கொண்டார்.

அதற்குப் பிறகு நோட்டைக் கட்டித் தொங்கவிட எனக்கு மனசு வரவில்லை. சிவப்புப் பேனாவில் மை தீர்ந்தது, ஊற்றவில்லை. வாயப்பயம் என்றால் வாயப்பயமாக இருந்துவிட்டுப் போகட்டும் என்று விட்டுவிட்டேன். ஊருக்குத்தான் அது புரியவில்லை. "இன்னா ளானா, ஒடம்பு சொகமில்லியா" என்று கேட்டார்கள்.

ஆவணி கடைசியில் ஒரு நாள் அம்முலு வந்தாள். நெற்றி வெறுமையாக இருந்தது. அந்த நெற்றியை நிமிர்ந்து பார்க்க எனக்குத் தைரியம் இல்லை.

"அத்தைக்கு எப்படிம்மா இருக்கு?"

"துன்னுது, தூங்குது. நேத்துலேந்து பேசுது." பீரோப் பக்கம் பார்த்தாள். "மாமா, அந்தக் கத வேணுமாம்."

"எதும்மா?"

"அதான், எளினி கத. மொத பாகம். அதுல அவன் சின்னப் புள்ளயா கீறான் இல்ல? குதுர கேட்டு அம்மாகிட்ட அடம் புடிக்கிறான் இல்ல? அத்த மறுக்கா படின்னு சொல்லுது."

நான் பீரோவைத் திறந்தேன்.

"மொத பாகமும் ரெண்டாவது பாகமும் போதுமாம். முடிஞ்சா திருப்பியும் மொத பாகத்துலேந்தே படிக்கணுமாம். மூணாவது வேணாம்னுடுச்சி."

இரண்டு புத்தகத்துக்கும் தேதி முத்திரை குத்திக் கொடுத்தேன். மார்போடு அணைத்துப் பிடித்துக்கொண்டு தெருவில் இறங்கிப் போனாள். அவள் போன பிறகு மூன்றாம் பாகத்தை எடுத்தேன். பீரோவின் அடித்தட்டில் பழைய அரசிதழ்கள் அடுக்கியிருந்தன. அவற்றுக்குப் பின்னால் அதை ஒளித்து வைத்தேன். எவரும் குனிந்து பார்க்காத தட்டு அது. நான் அந்த நூலகத்தில் இருந்த ஒன்பது வருஷமும், மூன்றாம் பாகம் எங்கே என்று கேட்டவர்களுக்கெல்லாம் யாரோ எடுத்துப்போயிருக்கிறார்கள், வந்துவிடும் என்றுதான் சொன்னேன்.